மாண்டவி ஆற்றுக் கேசினோக்களுக்கு யார் சொந்தக்காரர்? டெல்டா கார்ப்பை வைத்து ஒரு முழுமையான வழிகாட்டி

கோவாவின் பணஜி நகரை ஒட்டி ஓடும் மாண்டவி ஆற்றில் கேசினோ கப்பல்கள் வரிசையாக நிற்கின்றன. அவற்றில் டெல்டின் ராயல், டெல்டின் ஜாக், கிங்ஸ் கேசினோ ஆகிய மூன்றும் ஒரே குழுமத்தைச் சேர்ந்தவை. சிக்கிமின் கேங்டாக்கில் உள்ள டெல்டின் டென்சோங்கும் அதே குழுமம்தான். இந்தக் குழுமத்தின் தலையில் இருப்பது டெல்டா கார்ப் லிமிடெட். பிஎஸ்இ, என்எஸ்இ என்ற இரண்டு பங்குச் சந்தைகளிலும் பட்டியலிடப்பட்ட நிறுவனம் என்பதால் நம் ஊரில் இதன் பங்கை வாங்கி வைத்திருப்பவர்களும் உண்டு.

"இந்தக் கேசினோ யாருடையது?" என்று கேட்டால் பெரும்பாலானவர்கள் ஒரு ஆளின் பெயரைச் சொல்லி முடித்துவிடுவார்கள். ஆனால் கேசினோத் தொழிலில் உரிமை ஒரே இடத்தில் இருப்பதில்லை. அரசு தந்த உரிமம் ஒரு நிறுவனத்தின் பெயரில் இருக்கும். அந்த நிறுவனத்தின் பங்குகள் இன்னொரு நிறுவனத்திடம் இருக்கும். அதன் பங்குகள் குடும்ப அறக்கட்டளைகளிடமும் ஆயிரக்கணக்கான சிறு முதலீட்டாளர்களிடமும் பிரிந்து கிடக்கும். கட்டடம் வேறொருவருடையதாக இருக்கலாம். வரிப் பாக்கி என்று நோட்டீஸ் வந்தால் அது இவர்களில் யார் தலையில் விழும் என்பது தனிக் கேள்வி. இவை ஒவ்வொன்றுக்கும் பதில் ஒவ்வொரு ஆவணத்தில் இருக்கிறது. அந்த ஆவணங்களை எந்த வரிசையில் எடுத்துப் படிப்பது என்பதைத்தான் இங்கே சொல்லப் போகிறேன். பங்கு வாங்க நினைப்பவருக்கும், அங்கே வேலைக்குச் சேரப் போகிறவருக்கும், சரக்கு கொடுத்துவிட்டுப் பணத்துக்குக் காத்திருப்பவருக்கும், செய்தி எழுதுகிறவருக்கும் இது பயன்படும்.

படி 1: சட்டம் எதை அனுமதிக்கிறது என்று முதலில் பாருங்கள்

இதைத் தாண்டிவிட்டு நேராகப் பங்கு விவரத்துக்குப் போனால் பாதி விஷயம் புரியாது. இந்தியாவில் சூதாட்டம் மாநிலப் பட்டியலில் வரும் விஷயம். ஆகவே எந்த வகைக் கேசினோ எங்கே நடக்கலாம் என்பதை அந்தந்த மாநிலச் சட்டமே முடிவு செய்கிறது. கோவாவில் 1976ஆம் ஆண்டின் கோவா, டாமன், டையூ பொதுச் சூதாட்டச் சட்டம் நடைமுறையில் இருக்கிறது. அதில் 1992இல் சேர்க்கப்பட்ட 13ஏ பிரிவு, ஐந்து நட்சத்திர ஹோட்டல்களில் எந்திர விளையாட்டுகளுக்கு வழி திறந்தது. 1996இல் வந்த திருத்தம் கப்பல்களில் மேசை விளையாட்டுகளுக்கும் இடம் கொடுத்தது. சீட்டும், சுழலும் சக்கரத்தில் ஆடும் ரூலெட்டும் எந்திரமாக இல்லாமல் ஒரு டீலர், அதாவது ஆட்டத்தை நடத்தும் ஊழியர், முன்னிலையில் நடக்க வேண்டுமென்றால் கப்பல் தேவைப்பட்டது இதனால்தான். மாண்டவியில் கப்பல்கள் நிற்பதற்குக் காரணம் சுற்றுலா அழகு மட்டுமல்ல, சட்டத்தின் அமைப்பும்தான்.

சிக்கிமுக்குத் தனியாக 2002ஆம் ஆண்டின் கேசினோ கட்டுப்பாடு மற்றும் வரிச் சட்டம் இருக்கிறது. டாமனுக்கும் கோவாவின் பழைய சட்டமே பொருந்தும். அங்கே டெல்டா குழுமம் பெரிய ஹோட்டல் ஒன்றைக் கட்டித் திறந்தது. ஆனால் கேசினோவுக்கான உரிமம் இழுபறியில் சிக்கியது. சட்டத்தில் இடம் இருப்பது ஒன்று, கையில் உரிமம் இருப்பது வேறு என்பதற்கு டாமன் நல்ல உதாரணம்.

இந்தப் படியில் நீங்கள் குறித்துக்கொள்ள வேண்டியது இவ்வளவுதான்: எந்தச் சட்டத்தின் கீழ், எந்தத் துறை, எந்தப் பெயருக்கு உரிமம் கொடுத்திருக்கிறது? கோவாவில் இது உள்துறையின் கையில் இருக்கிறது. சட்டப்பேரவைக் கேள்வி நேரப் பதில்களில் உரிமம் பெற்ற நிறுவனங்களின் பெயர்கள் அவ்வப்போது வெளிவரும். கிடைக்காவிட்டால் தகவல் அறியும் உரிமைச் சட்டத்தின் கீழ் மனுப் போடலாம். உரிமத்தில் "டெல்டின்" என்ற வணிகப் பெயரைத் தேடாதீர்கள். உரிமம் எப்போதும் பதிவு பெற்ற நிறுவனத்தின் பெயரில்தான் இருக்கும்.

படி 2: பில்லிலிருந்து நிறுவனத்தின் பெயரைப் பிடியுங்கள்

அரசு அலுவலகத்துக்குப் போகாமலே சட்டபூர்வப் பெயரைக் கண்டுபிடிக்க எளிய வழி ஒன்று உண்டு. எந்தக் கேசினோவின் நுழைவுக் கட்டண பில்லிலும் ஜிஎஸ்டி எண் அச்சாகியிருக்கும். ஜிஎஸ்டி இணையதளத்தில் வரி செலுத்துவோரைத் தேடும் பக்கம் இருக்கிறது, உள்நுழையத் தேவையில்லை. அதில் அந்த எண்ணைப் போட்டால் சட்டபூர்வப் பெயர், வணிகப் பெயர் இரண்டும் வரும்.

எண்ணே நிறையச் சொல்லும். மொத்தம் 15 எழுத்துகள். முதல் இரண்டும் மாநிலக் குறியீடு: கோவாவுக்கு 30, சிக்கிமுக்கு 11. அடுத்த பத்தும் அந்த நிறுவனத்தின் பான் எண். பான் எண்ணின் நான்காவது எழுத்து, அதாவது ஜிஎஸ்டி எண்ணின் ஆறாவது எழுத்து, அது என்ன வகை அமைப்பு என்று காட்டும். சி என்றால் கம்பெனி, எஃப் என்றால் கூட்டு நிறுவனம், டி என்றால் அறக்கட்டளை, பி என்றால் தனிநபர். இரண்டு கப்பல்களின் பில்லில் ஒரே பான் எண் இருந்தால் இரண்டையும் ஒரே நிறுவனம் நடத்துகிறது. பான் வேறு வேறாக இருந்தால் ஒரே பெயர்ப் பலகையின் கீழ் இரண்டு நிறுவனங்கள் இருக்கின்றன. வெளியே தெரியும் பிராண்டையும் உள்ளே இருக்கும் நிறுவனத்தையும் பிரித்துப் பார்க்க இதைவிட விரைவான வழி எனக்குத் தெரிந்து இல்லை.

படி 3: கம்பெனிப் பதிவேட்டைத் திறங்கள்

பெயர் கிடைத்துவிட்டதா? சரி, அடுத்து மத்திய கம்பெனி விவகார அமைச்சகத்தின் இணையதளம். எம்சிஏ தளம் என்றுதான் எல்லோரும் சொல்வார்கள். பெயரைப் போட்டுத் தேடினால் அந்தக் கம்பெனியின் அடையாள எண்ணான சிஐஎன் கிடைக்கும். 21 எழுத்துகள் கொண்ட அந்த எண்ணை இப்படிப் படிக்க வேண்டும்: முதல் எழுத்து எல் என்றால் பங்குச் சந்தையில் பட்டியலானது, யு என்றால் பட்டியலாகாதது. அடுத்த ஐந்து இலக்கங்கள் தொழில் குறியீடு. பிறகு இரண்டெழுத்து மாநிலக் குறி, நான்கிலக்க ஆண்டு, பிடிசி அல்லது பிஎல்சி, கடைசியாக ஆறிலக்கப் பதிவு எண். பிடிசி என்றால் பிரைவேட் லிமிடெட், பிஎல்சி என்றால் பப்ளிக் லிமிடெட்.

தொழில் குறியீட்டை அப்படியே நம்பிவிடாதீர்கள். கம்பெனி தொடங்கியபோது எழுதிய குறியீடு, தொழில் மாறிய பிறகும் அப்படியே ஒட்டிக்கொண்டிருப்பது சாதாரணம். டெல்டா கார்ப்பே 1990இல் பதிவான கம்பெனி. கேசினோவுக்கு வரும் முன் ஆரோ வெப்டெக்ஸ் என்ற பெயரில் ஜவுளித் துறையில் இருந்தது. 2008இல்தான் இன்றைய பெயருக்கு மாறியது. பழைய பெயர்களையும் குறித்துக்கொள்ளுங்கள். பழைய செய்திகளையும் நீதிமன்றத் தீர்ப்புகளையும் தேடும்போது அந்தப் பெயர்கள்தான் கைகொடுக்கும். கப்பல்களுக்கும் இதே விதி. இப்போதைய கிங்ஸ் கேசினோ முன்பு டெல்டின் காரவேலா, அதற்கும் முன்பு அத்வானி குழுமத்தின் காரவேலா. அந்தக் கப்பலை வைத்திருந்த அத்வானி பிளெஷர் குரூஸ் கம்பெனி, கைமாறிய பிறகு டெல்டா பிளெஷர் குரூஸ் கம்பெனி ஆனது. கப்பலை மட்டும் தனியாக வாங்காமல், கப்பலையும் உரிமத்தையும் வைத்திருக்கும் கம்பெனியையே வாங்குவது இந்தத் தொழிலின் வழக்கமான முறை. புதிய உரிமம் கிடைப்பது அரிது என்பதால் உரிமத்துக்குத்தான் அங்கே உண்மையான விலை.

எம்சிஏ தளத்தில் அடிப்படை விவரங்கள் இலவசம். சிறு கட்டணம் செலுத்தினால் கம்பெனி தாக்கல் செய்த ஆவணங்களைப் பார்க்கலாம். அங்கே உங்களுக்கு வேண்டியவை மூன்று.

எம்ஜிடி-7 என்பது ஆண்டு விவரப் படிவம். பங்குதாரர் பட்டியல் அதோடு இணைந்திருக்கும். இதில் ஒரு சிக்கலை எதிர்பார்த்துக்கொள்ளுங்கள். பிரைவேட் லிமிடெட் கம்பெனிக்குக் குறைந்தது இரண்டு உறுப்பினர்கள் வேண்டும் என்பது சட்டம். ஆகவே தாய் நிறுவனம் நூறு சதவீதமும் வைத்திருந்தாலும், ஒரு பங்கு யாரோ ஒரு ஊழியரின் அல்லது இயக்குநரின் பெயரில் இருக்கும். பட்டியலில் அந்தப் பெயரைப் பார்த்துவிட்டு "மறைமுகக் கூட்டாளி சிக்கினார்" என்று பரபரப்பாக எழுதுகிறவர்கள் இருக்கிறார்கள். அது வெறும் நியமனப் பங்கு.

ஏஓசி-4 என்பது நிதி அறிக்கையைத் தாக்கல் செய்யும் படிவம். லாபநட்டம், கடன், தொடர்புடைய நிறுவனங்களோடு நடந்த கொடுக்கல் வாங்கல் எல்லாம் இதோடு வரும்.

பென்-2 என்பதுதான் இந்த வழிகாட்டியின் நோக்கத்துக்கு நேராக உதவும் படிவம். 2013ஆம் ஆண்டின் கம்பெனிகள் சட்டம் 90ஆம் பிரிவின்படி, நேரடியாக இல்லாமல் பிற நிறுவனங்கள் வழியாகவோ அறக்கட்டளை வழியாகவோ 10 சதவீதத்துக்குக் குறையாத உரிமையோ, கட்டுப்பாடோ வைத்திருக்கும் தனிநபர் தன்னைக் கம்பெனிக்கு அறிவிக்க வேண்டும். கம்பெனி அதைப் பதிவாளரிடம் பென்-2 வழியாகத் தாக்கல் செய்ய வேண்டும். எத்தனை அடுக்கு கம்பெனிகள் நடுவில் இருந்தாலும் கடைசியில் ஒரு மனிதரின் பெயர் வந்தாக வேண்டும் என்பது இந்தப் பிரிவின் நோக்கம்.

அதே தளத்தில் கடன் பொறுப்புப் பட்டியலும் இருக்கிறது. எந்த வங்கி எந்தச் சொத்தின் மேல் கடன் கொடுத்திருக்கிறது என்று அதில் தெரியும். ஒரு எச்சரிக்கை: இந்த ஆவணங்களில் இயக்குநர்களின் வீட்டு முகவரி போன்ற தனிப்பட்ட விவரங்களும் இருக்கும். அவற்றை வெளியிடாதீர்கள். உரிமை யாரிடம் இருக்கிறது என்று தெரிந்துகொள்ள வீட்டு முகவரி தேவையே இல்லை.

படி 4: துணை நிறுவனங்களை ஒரே தாளில் வரையுங்கள்

இனி தாய் நிறுவனத்தின் ஆண்டறிக்கை. நூற்றுக்கணக்கான பக்கங்கள் இருக்கும். எல்லாவற்றையும் படிக்க வேண்டியதில்லை. நேராக ஏஓசி-1 என்ற பட்டியலுக்குப் போங்கள். துணை நிறுவனங்கள், இணை நிறுவனங்கள், கூட்டு முயற்சிகள் என்று ஒவ்வொன்றின் பெயரும், தாய் நிறுவனத்துக்கு அதில் எத்தனை சதவீதம் என்பதும், அதன் வருவாயும் லாபமும் வரிசையாக இருக்கும். டெல்டா கார்ப்பைப் பொறுத்தவரை ஹைஸ்ட்ரீட் குரூஸஸ் அண்ட் என்டர்டெயின்மென்ட், டெல்டா பிளெஷர் குரூஸ் கம்பெனி போன்ற பெயர்களை இங்கே பார்ப்பீர்கள். கப்பலில் எழுதியிருக்கும் பெயருக்கும் இவற்றுக்கும் எந்த ஒற்றுமையும் இல்லை.

ஒரு வெள்ளைத் தாளை எடுத்து உச்சியில் தாய் நிறுவனத்தை எழுதி, கீழே ஒவ்வொரு துணை நிறுவனத்தையும் சதவீதத்தோடு வரையுங்கள். ஒவ்வொன்றுக்கும் அடியில் அது நடத்தும் கேசினோ அல்லது ஹோட்டலை எழுதுங்கள். கணினியில் வரைந்தாலும் சரிதான், ஆனால் கையால் வரையும்போது விடுபட்டது எது என்று உடனே கண்ணில் படும்.

வரைந்த பிறகு இரண்டு கணக்குகளை ஒப்பிடுங்கள். ஆண்டறிக்கையில் தனிக் கணக்கு, ஒருங்கிணைந்த கணக்கு என்று இரண்டு இருக்கும். தனிக் கணக்கில் வருவது தாய் நிறுவனம் நேரடியாக நடத்தும் தொழில். ஒருங்கிணைந்ததில் துணை நிறுவனங்களும் சேரும். டெல்டாவில் தாய் நிறுவனம் வெறும் பங்குகளை வைத்திருக்கும் நிறுவனம் அல்ல, தானே கேசினோத் தொழிலும் நடத்துகிறது. இது எவ்வளவு முக்கியம் என்பது எட்டாவது படியில் தெரியும். ஒருங்கிணைந்த கணக்கில் "கட்டுப்பாட்டில் இல்லாத பங்குதாரர்களின் பங்கு" என்ற வரியில் தொகை இருந்தால், ஏதோ ஒரு துணை நிறுவனத்தில் வெளியாளுக்கும் பங்கு இருக்கிறது என்று அர்த்தம். ஏஓசி-1க்குத் திரும்பிப் போய் நூறுக்குக் குறைவான சதவீதம் எங்கே இருக்கிறது என்று தேடுங்கள்.

படி 5: பங்கு விவரப் பட்டியலை நிதானமாகப் படியுங்கள்

பட்டியலிடப்பட்ட ஒவ்வொரு நிறுவனமும் காலாண்டு முடிந்த 21 நாட்களுக்குள் தன் பங்கு விவரத்தைப் பங்குச் சந்தைக்குத் தர வேண்டும் என்பது சந்தையைக் கண்காணிக்கும் அமைப்பான செபியின் விதி. பிஎஸ்இ, என்எஸ்இ தளங்களில் யார் வேண்டுமானாலும் பார்க்கலாம். உரிமை பற்றிய கேள்விக்கு இதுதான் மையமான ஆவணம். இங்கே அவசரப்படக் கூடாது.

முதல் பகுதி புரொமோட்டர்கள், அதாவது நிறுவனத்தைத் தொடங்கியவர்கள் அல்லது அதைக் கட்டுப்பாட்டில் வைத்திருப்பவர்கள். டெல்டா கார்ப்பில் இந்தத் தரப்பின் பங்கு சுமார் மூன்றில் ஒன்று. தலைவர் ஜெய்தேவ் மோடி. ஆனால் அவர் பெயருக்கு நேராக அந்த மூன்றில் ஒரு பங்கைத் தேடினால் கிடைக்காது. பெரும்பகுதி குடும்ப அறக்கட்டளைகளின் பெயரில் இருக்கிறது. இதில் மர்மம் எதுவும் இல்லை. இந்தியத் தொழில் குடும்பங்கள் பலவும் சொத்துப் பிரிவினைக்கும் வாரிசு ஏற்பாட்டுக்கும் இந்த முறையைத்தான் கையாள்கின்றன. சட்டப்படி பங்குகள் அறங்காவலர் கையில் இருக்கும், பலன் பயனாளிகளுக்குப் போகும். ஆகவே அறக்கட்டளையின் பெயரைப் பார்த்தால் இரண்டு கேள்விகளைக் கேளுங்கள்: வாக்களிப்பது யார், பலனைப் பெறுவது யார்? சில சமயம் இருவரும் ஒருவரே, சில சமயம் இல்லை. இதே பட்டியலில் இறுதிப் பயனாளிகள் பற்றிய தனி அட்டவணையும் இருக்கும்.

மூன்றில் ஒரு பங்கை வைத்துக்கொண்டு ஒரு நிறுவனத்தை ஆள முடியுமா? தாராளமாக முடியும். சிறப்புத் தீர்மானம் நிறைவேற நான்கில் மூன்று பங்கு வாக்கு வேண்டும். ஆகவே 25 சதவீதத்துக்கு மேல் வைத்திருப்பவர் நினைத்தால் எந்தச் சிறப்புத் தீர்மானத்தையும் தடுக்கலாம். மீதிப் பங்குகள் ஆயிரக்கணக்கான கைகளில் சிதறிக் கிடக்கும்போது, சிறு பங்குதாரர்களில் பெரும்பாலானோர் வாக்களிக்கவே மாட்டார்கள். அதனால் சாதாரணத் தீர்மானங்களிலும் இந்த மூன்றில் ஒரு பங்கு நடைமுறையில் பெரும்பான்மைக்கு அருகில் வந்துவிடும். வெளியார் ஒருவர் 25 சதவீதத்தை எட்டினால், மற்றப் பங்குதாரர்களிடமும் வாங்கத் தயார் என்று பொது அறிவிப்புக் கொடுக்க வேண்டும் என்பது செபியின் கையகப்படுத்தல் விதி. சத்தமில்லாமல் நிறுவனத்தைக் கைப்பற்ற முடியாதபடி இந்த விதி தடுக்கிறது.

சிறு பங்குதாரரின் வாக்குக்கு உண்மையில் எடை கூடும் இடம் ஒன்று இருக்கிறது. புரொமோட்டர் தரப்பின் சொந்த நிறுவனங்களோடு பெரிய கொடுக்கல் வாங்கல் நடக்கும்போது பங்குதாரர் ஒப்புதல் வேண்டும், அதைத் தொடர்புடையவர்களே வாக்களித்து நிறைவேற்றிக்கொள்ள முடியாது. அந்த நேரத்தில் வரும் அஞ்சல் வாக்குச்சீட்டு அறிவிப்பைத் தயவுசெய்து குப்பையில் போடாதீர்கள். பிராண்டுப் பெயர், நிலம், கப்பல் போன்றவை குழும நிறுவனங்களுக்கிடையே கைமாறுவது பெரும்பாலும் இந்த அறிவிப்புகளில்தான் வெளிச்சத்துக்கு வரும்.

புரொமோட்டர் பகுதியில் பார்க்க வேண்டிய இன்னொரு பத்தி, அடமானம் வைத்த பங்குகள். பங்கை அடகு வைத்துக் கடன் வாங்கியிருந்தால், விலை சரியும்போது கடன் கொடுத்தவர் அந்தப் பங்கை விற்கலாம். உரிமை கைமாறுவது அப்போது யாருடைய விருப்பத்தையும் கேட்டு நடக்காது.

இரண்டாவது பகுதி பொதுப் பங்குதாரர்கள். ஒரு சதவீதத்துக்கு மேல் வைத்திருப்பவர்களின் பெயர் மட்டும் தனியாக வரும். முதலீட்டாளர் ராகேஷ் ஜுன்ஜுன்வாலா தம்பதி ஒரு காலத்தில் டெல்டாவில் சுமார் ஏழரை சதவீதம் வைத்திருந்ததும், 2022 ஜூனில் பெருமளவு விற்றதும் இப்படித்தான் எல்லோருக்கும் தெரிந்தது. ஐந்து சதவீதத்துக்கு மேல் வைத்திருப்பவர் இரண்டு சதவீதம் அளவுக்கு வாங்கினாலோ விற்றாலோ உடனே அறிவிக்க வேண்டும். காலாண்டு முடியும் வரை காத்திருக்கத் தேவையில்லை. ஒன்றைக் கவனியுங்கள்: ஒரு சதவீதத்துக்குக் கொஞ்சம் கீழே இறங்கினால் பெயர் பட்டியலிலிருந்து மறைந்துவிடும். பெயர் காணாமல் போனாலே "முழுவதும் விற்றுவிட்டார்" என்று முடிவு கட்டாதீர்கள்.

படி 6: வெளிநாட்டுப் பணம் எந்த வழியில் வரலாம்?

சூதாட்டம், பந்தயம், கேசினோ ஆகியவற்றில் அந்நிய நேரடி முதலீடு இந்தியாவில் தடை செய்யப்பட்டிருக்கிறது. முதலீடு மட்டுமல்ல, பிராண்டு பெயரை வாடகைக்குக் கொடுப்பது, நிர்வாக ஒப்பந்தம் போடுவது, தொழில்நுட்ப ஒத்துழைப்பு ஆகியவற்றுக்கும் தடை. மக்காவ், லாஸ் வேகாஸ் நிறுவனங்களின் பெயர்ப் பலகை மாண்டவியில் இல்லாததற்கு இதுதான் காரணம்.

அப்படியென்றால் டெல்டாவின் பங்குப் பட்டியலில் வெளிநாட்டு நிதியங்களின் பெயர் எப்படி வருகிறது? பங்குச் சந்தை வழியாக வாங்கும் வெளிநாட்டு நிதி முதலீட்டாளர்களுக்கு விதி வேறு. நேரடி முதலீடு தடை செய்யப்பட்ட துறைகளில் அவர்கள் எல்லோரும் சேர்ந்து 24 சதவீதம் வரை வைத்திருக்கலாம். வெளிநாட்டவர் லாபத்தில் பங்கு பெறலாம், தொழிலை நடத்த முடியாது.

படி 7: கட்டடம் யாருடையது?

கேசினோவை நடத்துபவரும் இடத்தின் சொந்தக்காரரும் ஒருவராக இருக்க வேண்டியதில்லை. காத்மாண்டுவில் டெல்டா குழுமம் கேசினோ திறந்தது மாரியட் ஹோட்டலுக்குள். அந்த ஹோட்டல் அவர்களுடையது அல்ல. கொழும்பின் சிட்டி ஆஃப் ட்ரீம்ஸ் இன்னும் தெளிவான உதாரணம். கட்டடமும் ஹோட்டலும் இலங்கையின் ஜான் கீல்ஸ் குழுமத்துடையவை. கேசினோ உரிமமோ மக்காவைச் சேர்ந்த மெல்கோ நிறுவனத்தின் துணை நிறுவனத்துக்கு 2024இல் 20 ஆண்டுகளுக்கு வழங்கப்பட்டது. அமெரிக்காவில் இதை ஒரு தொழில் மாதிரியாகவே ஆக்கிவிட்டார்கள். பல மாநிலங்களில் கேசினோ நடத்தும் பென் நேஷனல் நிறுவனம் 2013 நவம்பரில் தன் கட்டடங்களையும் நிலங்களையும் கேமிங் அண்ட் லெஷர் பிராப்பர்டீஸ் என்ற தனி நிறுவனமாகப் பிரித்தது. அதன் பிறகு அந்த இடங்களுக்கே வாடகை கொடுத்துத் தொழில் நடத்துகிறது.

உங்கள் தாளில் ஒவ்வொரு கேசினோவுக்கும் பக்கத்தில் "சொந்தம்" அல்லது "குத்தகை" என்று எழுதுங்கள். ஆண்டறிக்கையின் குத்தகைக் குறிப்புகளிலும் நிலையான சொத்துகள் அட்டவணையிலும் விடை இருக்கும்.

படி 8: சுமை யார் தலையில்?

2023 செப்டம்பர் 22 அன்று டெல்டா கார்ப்புக்கு ஜிஎஸ்டி புலனாய்வுத் துறையிலிருந்து நோட்டீஸ் வந்தது. தாய் நிறுவனத்துக்கு மட்டும் 11,139 கோடி ரூபாய். துணை நிறுவனங்களான டெல்டின் டென்சோங், ஹைஸ்ட்ரீட் குரூஸஸ், டெல்டா பிளெஷர் குரூஸ் மூன்றுக்கும் சேர்த்து 5,682 கோடி. அடுத்த மாதம் ஆன்லைன் போக்கர் நடத்திய டெல்டாடெக் கேமிங்குக்கு 6,384 கோடி. மொத்தம் 23,200 கோடியைத் தாண்டியது. அந்தக் குழுமத்தின் ஒட்டுமொத்த ஆண்டு வருவாயோ அப்போது ஏறக்குறைய 1,000 கோடிதான். நோட்டீஸ் வந்த செய்திக்குப் பிறகு சந்தை திறந்த நாளில் பங்கு விலை கிட்டத்தட்ட 20 சதவீதம் சரிந்தது.

தொகை இவ்வளவு பெரிதானதற்குக் காரணம் கணக்கிடும் முறை. கேசினோ தன் கையில் மிஞ்சிய தொகைக்கு வரி கட்டியிருந்தது. துறையோ வைக்கப்பட்ட மொத்தப் பந்தயத் தொகைக்கும் வரி கேட்டது. பணத்துக்குப் பதிலாக வைக்கும் ஒரே சில்லு ஒரு இரவில் பல முறை பந்தயத்தில் சுற்றும், ஒவ்வொரு சுற்றும் கணக்கில் சேரும். நிறுவனம் இதை எதிர்த்து நீதிமன்றம் போனது.

இப்போது நான்காவது படியில் வரைந்த தாளை எடுங்கள். ஒவ்வொரு நோட்டீஸும் ஒவ்வொரு பெட்டிக்குப் போயிருக்கிறது. ஒரு துணை நிறுவனத்தின் பாக்கிக்குச் சாதாரணமாக அந்தக் கம்பெனியின் சொத்துதான் பொறுப்பு. பக்கத்துப் பெட்டியையோ மேல் பெட்டியையோ அது தானாகத் தொடாது. ஆனால் தாய் நிறுவனமே கேசினோ நடத்தியதால் மிகப் பெரிய நோட்டீஸ் உச்சியிலேயே விழுந்தது. எல்லாத் துணை நிறுவனங்களின் பங்கும் இருப்பது அந்த உச்சியில்தான். தொழிலை எந்தப் பெட்டியில் வைப்பது என்று பல ஆண்டுகளுக்கு முன் எடுத்த முடிவு, சிறு பங்குதாரரின் பணத்தை எப்படித் தொடுகிறது என்று இதிலிருந்து புரிந்துகொள்ளலாம். இந்த விவரங்களை ஆண்டறிக்கையில் "நிகழக்கூடிய பொறுப்புகள்" என்ற குறிப்பில் தேடுங்கள். லாபநட்டக் கணக்கில் இவை தெரியாது.

அதன் பிறகு வரி விதிகளும் மாறின. 2023 அக்டோபர் முதல் ஆன்லைன் விளையாட்டுக்கும் கேசினோவுக்கும் புதிய கணக்கீட்டு விதிகளோடு 28 சதவீதம், 2025 செப்டம்பர் 22 முதல் 40 சதவீதம்.

படி 9: மாற்றங்களைத் தொடருங்கள்

நீங்கள் வரைந்த படம் ஒரு நாளின் படம் மட்டுமே. டெல்டாவிலேயே சில ஆண்டுகளில் நிறைய மாறிவிட்டது. அடா52 என்ற ஆன்லைன் போக்கர் தளத்தை நடத்திய காஸியன் நெட்வொர்க்ஸை வாங்கி டெல்டாடெக் கேமிங் என்று பெயர் மாற்றினார்கள். 2022 ஜூனில் அதைத் தனியாகப் பட்டியலிட 550 கோடி ரூபாய்க்கு வரைவு ஆவணம் தாக்கலானது, வெளியீடு நடக்கவில்லை. பிறகு அதில் 51 சதவீதத்தை ஹெட் டிஜிட்டல் வொர்க்ஸ் நிறுவனத்துக்கு விற்க ஒப்பந்தமானது. 2025 ஆகஸ்டில் பணம் வைத்து ஆடும் ஆன்லைன் விளையாட்டுகளையே மத்தியச் சட்டம் தடை செய்தது. தமிழ்நாட்டு வாசகர்களுக்கு இந்தத் தகராறு புதிதல்ல. 2022இல் நம் மாநிலம் கொண்டுவந்த ஆன்லைன் சூதாட்டத் தடைச் சட்டத்தின் மேல், ரம்மியும் போக்கரும் திறன் விளையாட்டுகள் என்று 2023 நவம்பரில் சென்னை உயர் நீதிமன்றம் தீர்ப்புச் சொன்னது நினைவிருக்கும்.

2024 செப்டம்பரில் இன்னொரு முடிவு. ஹோட்டல், மனைத் தொழிலை டெல்டா பென்லேண்ட் என்ற துணை நிறுவனத்துக்குப் பிரித்துக் கொடுக்க இயக்குநர் குழு ஒப்புதல் தந்தது. டெல்டா கார்ப்பின் ஒரு பங்குக்கு டெல்டா பென்லேண்டின் ஒரு பங்கு என்ற கணக்கு. இப்படிப் பிரிப்புத் திட்டம் வரும்போதெல்லாம் அந்தத் திட்ட ஆவணத்தைக் கண்டிப்பாகப் படியுங்கள். பிரிப்புக்கு முன்னும் பின்னும் யாரிடம் எத்தனை சதவீதம், எந்தச் சொத்து எந்தப் பக்கம் போகிறது, நடக்கும் வழக்குகள் யாரோடு போகின்றன என்று எல்லாம் ஒரே இடத்தில் இருக்கும். குறிப்பாகக் கடைசி விஷயம். சொத்து ஒரு பக்கமும் வழக்கு இன்னொரு பக்கமும் போனால், இரண்டு பங்குகளின் மதிப்பும் ஒன்றாக இருக்காது.

பட்டியலாகாத கேசினோ என்றால்?

மாண்டவியில் டெல்டாவின் போட்டியாளர்கள் பங்குச் சந்தையில் இல்லாத தனியார் குழுமங்கள். அங்கே ஐந்தாவது படி கிடைக்காது. எம்ஜிடி-7, ஏஓசி-4, பென்-2 மூன்றையும்தான் நம்ப வேண்டும், அவையும் ஓராண்டு பழையவையாக இருக்கும். கூட்டு நிறுவனமாக இருந்தால் மாநிலக் கூட்டு நிறுவனப் பதிவாளரிடம் கேட்க வேண்டும். அதோடு உயர் நீதிமன்றத் தளத்தில் நிறுவனத்தின் பெயரைப் போட்டுத் தேடுங்கள். பங்குதாரர்கள் தங்களுக்குள் சண்டையிட்டு நீதிமன்றம் போயிருந்தால், எந்தப் படிவத்திலும் இல்லாத உரிமை விவரம் அந்தத் தீர்ப்புகளின் முதல் சில பத்திகளிலேயே கிடைக்கும். தேசியக் கம்பெனிச் சட்டத் தீர்ப்பாயத்தின் தளத்திலும் இதே தேடலைச் செய்யுங்கள், பழைய பெயர்களையும் சேர்த்து.